கிசாவா, சக்காராவா, தாஷூரா: பிரமிடுகளுக்கு ஒரே நாள் இருந்தால்

எகிப்தில் இரண்டாம் ராமேசஸ் மன்னரின் ஆட்சியின் 47ஆம் ஆண்டில், அரசுக் கருவூலத்தில் எழுத்தராக இருந்த ஹத்நக்த் என்பவர் தம் சகோதரரையும் அழைத்துக்கொண்டு மெம்பிஸ் நகருக்கு மேற்கே பாலைவனத்தில் உலாவப் போனார். பொழுதுபோக்காகச் சுற்றிப் பார்க்க வந்தோம் என்று போன இடத்துச் சுவரில் மையால் எழுதியும் வைத்தார். அந்தச் சுவர் இருப்பது சக்காராவில், ஜோசர் மன்னரின் படிப் பிரமிடு வளாகத்தில். இது நடந்து ஏறத்தாழ 3,250 ஆண்டுகள் ஆகின்றன. அவர் எழுதிய நாளிலேயே அந்தப் பிரமிடுக்கு 1,400 வயதுக்கு மேல் ஆகியிருந்தது. பழமையைப் பார்க்கப் போவதும், போனதற்கு அடையாளமாகச் சுவரில் பெயரைக் கிறுக்குவதும் நம் காலத்து வழக்கங்கள் என்று யாராவது சொன்னால் எனக்கு இந்த எழுத்தர்தான் நினைவுக்கு வருவார்.

ஹத்நக்த் சக்காராவுக்குப் போனார். இன்று கெய்ரோவில் இறங்குகிறவர்களில் பெரும்பாலோர் கிசாவுக்குப் போகிறார்கள். அதில் வியப்பில்லை. பாடப் புத்தக அட்டையிலிருந்து பயண நிறுவன விளம்பரம் வரை எல்லாவற்றிலும் இருப்பவை கிசாவின் மூன்று பிரமிடுகளும் ஸ்பிங்ஸும்தான். ஆனால் பயணத் திட்டம் போடும் நேரத்தில் என்னிடம் யோசனை கேட்கும் நண்பர்களுக்கும் உறவினர்களுக்கும் நான் சொல்லும் பதில் சற்று வேறானது. கிசாவை வெளியில் நின்று பாருங்கள். உள்ளே இறங்கும் ஆசையைத் தாஷூரில் தீர்த்துக்கொள்ளுங்கள். பிரமிடுகளைப் பற்றிப் படித்துப் படித்து ஆசை வளர்த்தவராக இருந்தால், மிச்ச நேரம் முழுவதையும் சக்காராவுக்குக் கொடுங்கள். இதை ஏன் சொல்கிறேன் என்பதையும், யாருக்கு இது பொருந்தாது என்பதையும் விளக்கவே இக்கட்டுரை.

முதலில் இடங்களைச் சொல்லிவிடுகிறேன். நைலின் மேற்குக் கரையில், வயலின் பசுமை முடிந்து மணல் தொடங்கும் விளிம்பை ஒட்டி, வடக்கே கிசாவிலிருந்து தெற்கே தாஷூர் வரை பிரமிடுகள் நிற்கின்றன. யுனெஸ்கோ 1979இல் மெம்பிஸையும் சேர்த்து இந்தப் பகுதி முழுவதையும் ஒரே உலக மரபுரிமைக் களமாகப் பட்டியலில் ஏற்றியது. கெய்ரோவின் மையத்திலிருந்து கிசா 15 கி.மீ. தொலைவுக்குள் இருக்கிறது, சக்காரா சுமார் 30 கி.மீ., தாஷூர் சுமார் 40 கி.மீ. கிசாவுக்கு நகரிலிருந்து எந்த வண்டியிலும் போய்விடலாம். மற்ற இரண்டுக்கும் ஒரு நாள் வாடகைக்குக் கார் பேசிக்கொள்வதே நடைமுறைக்கு ஒத்துவரும், ஏனென்றால் திரும்பி வருவதற்கு அங்கே வண்டி கிடைப்பது உறுதியில்லை.

கட்டிய வரிசை வேறு. சக்காராவில் ஜோசரின் பிரமிடு கி.மு. 2670 வாக்கில் எழுந்தது. தாஷூரின் இரண்டு பெரிய பிரமிடுகளைக் கட்டிய ஸ்நெஃப்ரு கி.மு. 2600 வாக்கில் ஆண்டார். அவருடைய மகன் கூஃபு கிசாவில் பெரிய பிரமிடை எழுப்பினார். செங்கல் அளவுக் கற்களில் தொடங்கிய வேலை உலகின் மிகப் பெரிய கற்குவியலாக முடிவதற்கு இடையே ஓடிய காலம் ஏறக்குறைய ஒரு நூற்றாண்டுதான். பிரமிடுகளின் ஈர்ப்பு எதில் இருக்கிறது என்று என்னைக் கேட்டால், இந்த நூறு ஆண்டுக்குள் இருக்கிறது என்பேன். கிசாவை மட்டும் பார்த்துத் திரும்புகிறவருக்கு அந்தக் கதையின் கடைசி அத்தியாயம் மட்டுமே கிடைக்கிறது.

இருந்தாலும் கிசாவைக் குறைத்துப் பேசுவது எனக்கு உடன்பாடில்லை. கூட்டம், ஒட்டகக்காரர்கள், பிரமிடுக்கு எதிரிலேயே கோழி வறுவல் கடை என்று உதட்டைப் பிதுக்குகிறவர்கள் சொல்வதெல்லாம் உண்மைதான், ஆனால் கூஃபு பிரமிடின் அடிவரிசைக் கல்லருகே போய் நிற்கும் வரைக்கும்தான் அந்தப் பேச்சு. அந்தக் கற்கள் சராசரி மனிதரின் நெஞ்சுக்கு மேல் வருகின்றன. தொலைவில் முக்கோணமாகத் தெரிந்தது கிட்டே போனதும் சுவராகிவிடுகிறது; அண்ணாந்து பார்த்தால் உச்சி தெரிவதில்லை, கல்லுக்கு மேல் கல்லாகச் சரிந்து வானத்தில் கலக்கும் ஒரு விளிம்புதான் தெரிகிறது. ஒரு பக்கத்தின் நீளம் 230 மீட்டர், முதலில் இருந்த உயரம் 146.6 மீட்டர், அடுக்கிய கற்கள் சுமார் 23 லட்சம். ஏறத்தாழ 3,800 ஆண்டுகள் மனிதர் கட்டியவற்றுள் இதைவிட உயரமானது வேறொன்றும் இருக்கவில்லை. நான்கு பக்கங்களும் நான்கு திசைகளை நோக்கி நிற்கின்றன. விலகல் ஒரு பாகையில் சுமார் பதினைந்தில் ஒரு பங்கு. காந்த ஊசி இல்லாத காலத்தில் விண்மீன்களையோ சூரியனையோ வைத்து இதைச் செய்திருக்கிறார்கள். எண்களை முன்பே படித்திருந்தாலும் அந்தச் சுவரின் கீழே நிற்கும்போது அவை உதவுவதில்லை. வேறு எந்தப் பிரமிடும் இப்படி நம்மைச் சிறுத்துப்போக வைப்பதில்லை. ஆகவே எவ்வளவு நேரம் குறைவாக இருந்தாலும் கிசாவை அடியோடு விட்டுவிடச் சொல்ல மாட்டேன்.

உள்ளே போகலாமா என்பதில்தான் என் தயக்கம். பெரிய பிரமிடுக்குள் போக வளாகச் சீட்டுக்கு மேல் தனிச் சீட்டு வாங்க வேண்டும், அதன் விலையும் அதிகம். 9ஆம் நூற்றாண்டில் கலீஃபா அல்-மாமூனின் ஆட்கள் குடைந்ததாகச் சொல்லப்படும் சுரங்கத்தின் வழியாக நுழைந்து, சுமார் 1.2 மீட்டர் உயரமே உள்ள ஏறுபாதையில் 39 மீட்டர் தூரம் முதுகை வளைத்து ஏற வேண்டும். மேலே போகிறவர்களும் கீழே வருகிறவர்களும் அதே பாதையில்தான் ஒருவரையொருவர் ஒட்டிக் கடக்கிறார்கள். அது முடிந்ததும் பெருங்கூடம் திறக்கிறது. 47 மீட்டர் நீளம், 8.6 மீட்டர் உயரம், இரு பக்கச் சுவர்களும் மேலே போகப் போக ஒன்றையொன்று நெருங்கிவருகின்றன. அந்த ஓர் இடத்துக்காகப் பணம் கொடுத்தது தவறில்லை என்று அங்கே நிற்கும்போது தோன்றும். அதன் முடிவில் இருக்கும் அரசர் அறை அஸ்வானிலிருந்து ஆற்றில் கொண்டுவந்த கருங்கல்லால் ஆனது. மூடியில்லாத, ஒரு மூலை உடைந்த கல்பெட்டி ஒன்றைத் தவிர உள்ளே ஒன்றுமில்லை. சுவரில் ஓர் எழுத்துகூட இல்லை.

பிரமிடுகளைப் பற்றி நிறையப் படித்துவிட்டுப் போகிறவரை ஏமாற்றுவது இதுதான். கூஃபு பிரமிடைப் பற்றிப் படிக்கச் சுவையாக இருக்கும் செய்திகள் எல்லாம் பயணியின் கண்ணுக்கு எட்டாத இடங்களில் இருக்கின்றன. அரசர் அறைக்கு மேலே அடுக்கடுக்காக உள்ள சிற்றறைகளில் வேலையாட் குழுக்கள் தங்கள் குழுப் பெயரைச் சிவப்புக் காவியால் எழுதி வைத்திருக்கிறார்கள். 1837இல் வெளிப்பட்ட அந்த அறைகளுக்குள் நம்மை விடுவதில்லை. பெருங்கூடத்துக்கு மேலே குறைந்தது 30 மீட்டர் நீளமுள்ள வெற்றிடம் ஒன்று இருப்பதாக விண்ணிலிருந்து வந்து கல்லையும் ஊடுருவிச் செல்லும் மியுவான் துகள்களைக் கொண்டு செய்த ஆய்வு 2017இல் சொன்னது, வடக்கு முகப்புக்குப் பின்னால் 9 மீட்டர் நீளமுள்ள இன்னொரு நடை இருப்பது 2023இல் உறுதியானது. இரண்டும் மூடியே கிடக்கின்றன. எல்லாவற்றிலும் எனக்குப் பிடித்தது மெரெர் என்ற படகு மேற்பார்வையாளரின் நாட்குறிப்பு. 2013இல் செங்கடல் கரையில் வாதி அல்-ஜார்ஃப் என்னும் பழைய துறைமுகத்தில் கிடைத்த அந்தப் பாப்பிரஸ் என்னும் நாணல்தாள் துண்டுகளில், அவர் தம் ஆட்களோடு துரா சுண்ணாம்புக் கற்சுரங்கத்தில் கல் ஏற்றிக் கிசாவுக்குக் கொண்டுபோய் இறக்கித் திரும்பிய விவரம் நாள்வாரியாக இருக்கிறது: இன்று ஏற்றினோம், இன்று படகில் பாய் விரித்தோம், இன்று இரவு எங்கே தங்கினோம். எழுத்துள்ள பாப்பிரஸ்களில் இதைவிடப் பழையது இதுவரை கிடைக்கவில்லை. அடிமைகளைச் சாட்டையால் அடித்துக் கட்டியது, வேற்றுக்கிரகத்தார் வந்து கட்டியது என்ற இரண்டு கதைகளுக்கும் கூலிப் பட்டுவாடாவும் படகு முறையும் எழுதிய இந்த மனிதரைவிட நல்ல பதில் கிடையாது. ஆனால் அதைப் படிக்கக் கிசாவுக்குப் போக வேண்டியதில்லை, வீட்டிலிருந்தே படிக்கலாம்.

கிசாவில் இன்னொன்றும் உண்டு. முதல் முறை போனபோது நானும் அக்காவும் ஒட்டகச் சவாரிக்கு ஒத்துக்கொண்டோம். ஏறுவதற்கு ஒரு தொகை பேசியிருந்தோம். சுற்றி முடித்துவிட்டு ஒட்டகத்தின் மேலேயே நிற்க வைத்து, உட்கார வைத்து இறக்கிவிட இன்னொரு தொகை கேட்டார் அந்த மனிதர். “கொடுத்துத் தொலை, எனக்குத் தலை சுற்றுகிறது” என்று அக்கா மேலிருந்து சத்தம் போட்டதால் பேரம் அதோடு முடிந்தது. இது எல்லோரும் சொல்லும் பழைய கதைதான் என்று பிறகு தெரிந்துகொண்டேன். 2025இல் பயூம் சாலைப் பக்கமாகப் புதிய நுழைவாயில் வைத்து வளாகத்துக்குள் மின்பேருந்துகளை ஓடவிட்ட பிறகு, ஒட்டகத்தில் ஏறித்தான் மூன்று பிரமிடுகளையும் ஒரு சேரப் பார்க்கும் மேட்டுக்குப் போக வேண்டும் என்ற நிலை இல்லை. கைவசம் தண்ணீரும் தொப்பியும் இருந்தால் நடந்தும் பார்க்கலாம்.

இப்போது தாஷூர். இதை விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் பெரும்பாலான பயணத் திட்டங்களில் இந்தப் பெயரே இருப்பதில்லை. இராணுவப் பகுதிக்குள் இருந்ததால் 1990களின் நடுப்பகுதி வரை வெளியார் இங்கே வர முடியவில்லை, அந்தப் பழைய வழக்கமே இன்னும் தொடர்கிறது என நினைக்கிறேன். ஸ்நெஃப்ரு மன்னருக்கு, இன்னும் தெற்கே உள்ள மெய்தும், தாஷூர் இரண்டிலுமாக மூன்று பெரிய பிரமிடுகள் உண்டு. மூன்றிலும் அடுக்கிய கல்லைக் கூட்டினால் மகன் கூஃபு பயன்படுத்தியதைவிட அதிகம். இத்தனை கட்டியும் அவர் பெயர் நமக்குப் பழக்கமில்லை. தாஷூரில் முதலில் தொடங்கியது வளைந்த பிரமிடு. கீழிருந்து ஏறத்தாழ 54 பாகைச் சாய்வில் எழும் சுவர்கள், பாதி உயரத்துக்குச் சற்றுக் கீழேயே சட்டென்று 43 பாகைக்குப் படுத்துக்கொள்கின்றன. தொலைவிலிருந்து பார்த்தால் யாரோ தலையில் அமுக்கியதைப் போல் இருக்கிறது. அடியில் இருந்தது உறுதியான பாறை அல்ல, சரளையும் களிமண்ணும் கலந்த தரை. கட்டக் கட்ட உள்ளறைகளில் விரிசல் விட்டிருக்கிறது. மேலறையில் சுவருக்குச் சுவர் முட்டுக்கொடுத்து வைத்த தேவதாரு மரங்கள் 4,600 ஆண்டுகளுக்குப் பிறகும் அங்கேயே இருக்கின்றன. ஸ்நெஃப்ரு காலத்தில் 40 கப்பல்களில் தேவதாரு மரம் வந்திறங்கியதாகப் பலெர்மோ கல் என்ற பழைய ஆண்டுக்குறிப்புக் கல்வெட்டு சொல்கிறது. அதைப் படித்த நினைவோடு இந்த முட்டுக்கட்டைகளைப் பற்றி எண்ணிப் பார்த்தால், தலைமைக் கட்டடக்காரர் ஒருவரின் தூக்கமில்லாத இரவுகள் கண்ணெதிரே வந்துவிடுகின்றன.

ஒரு தவறு இவ்வளவு பெரிய அளவில், இவ்வளவு தெளிவாக, மறைக்காமல் நிற்பதை நான் வேறெங்கும் பார்த்ததில்லை. வெளிப்பூச்சாக வைத்த வழுவழுப்பான சுண்ணாம்புக் கல் எகிப்தில் மிகுதியாக மிஞ்சியிருப்பதும் இந்தப் பிரமிடில்தான். கிசாவின் மேற்பூச்சுக் கற்களைக் கெய்ரோவின் மசூதிகளுக்கும் கோட்டைகளுக்கும் பெயர்த்துக்கொண்டு போய்விட்டார்கள். எல்லாப் பிரமிடுகளும் கட்டி முடித்த நாளில் எப்படி வெளேரென்று மின்னியிருக்கும் என்பதை ஊகிக்க வேண்டுமானால் வளைந்த பிரமிடின் கீழே நிற்க வேண்டும். 1965 முதல் மூடியிருந்த இதன் உட்புறத்தை 2019இல் மீண்டும் திறந்தார்கள். வடக்குப் பாதை சுமார் 79 மீட்டர் நீளம், குறுகலானது. பழக்கமில்லாதவருக்கு நான் பரிந்துரைக்க மாட்டேன்.

பரிந்துரைப்பது பக்கத்தில் இருக்கும் சிவப்புப் பிரமிடை. முதல் முயற்சியில் கற்றுக்கொண்ட பாடத்தோடு ஸ்நெஃப்ருவின் ஆட்கள் இதை அடியிலிருந்தே 43 பாகைச் சாய்வில் கட்டினார்கள். அப்பழுக்கில்லாத பக்கங்களைக் கொண்ட முதல் பிரமிடு இதுதான். உயரம் 105 மீட்டர், கிசாவின் இரண்டுக்கு அடுத்தபடியாக எகிப்தில் மூன்றாவது. வடக்குப் பக்கத்தில் 28 மீட்டர் உயரத்தில் உள்ள வாயில் வரை படிகளில் ஏறி, அங்கிருந்து அறுபது மீட்டருக்கும் கூடுதலாகச் சரிவில் இறங்க வேண்டும். கூரை ஒரு மீட்டரை ஒட்டிய உயரம்தான் என்பதால், முகத்தைக் கீழே காட்டாமல் பின்புறமாக, ஏணியில் இறங்குவதைப் போல் இறங்குவது எளிது என்று வாயிலில் இருந்த காவலர் சைகையால் காட்டினார். மரப்பலகையில் அடித்திருந்த குறுக்குச் சட்டங்களை எண்ணிக்கொண்டே இறங்கினேன், நூறுக்கு மேல் எண்ணிக்கை தவறிவிட்டது. கீழே போய் முதுகை நிமிர்த்தியதும் முதலில் வந்தது மூக்கைத் துளைக்கும் அம்மோனியா நெடி. பிறகுதான் கண் பழகி, தலைக்கு மேல் 12 மீட்டர் உயரத்துக்குப் படிப்படியாகக் குறுகிப்போகும் கூரை தெரிந்தது. ஒவ்வொரு வரிசைக் கல்லும் கீழ் வரிசையைவிடச் சில அங்குலம் உள்ளே நீட்டியிருக்கிறது. கடைசியில் இரண்டு பக்கமும் சந்திக்கின்றன. மகன் கட்டிய பெருங்கூடத்தின் முன்மாதிரி இங்கேயே இருக்கிறது. நான் நின்ற கால் மணி நேரத்தில் வேறு இருவர் மட்டுமே வந்தார்கள். கிசாவில் அரசர் அறையில் அரை நிமிடம் தனியாக நிற்கக் கிடைத்ததில்லை.

உட்புறத்துக்குத் தனிச் சீட்டு இல்லை, வளாகச் சீட்டே போதும், அதுவும் கிசாவோடு ஒப்பிட்டால் மிகக் குறைந்த விலை. குறை என்று சொன்னால் நிழல் இல்லை, உருப்படியான கடை இல்லை, மூச்சுத் தொல்லையோ முழங்கால் வலியோ உள்ளவர்களுக்கு வெளியே காத்திருக்க வசதியான இடமும் இல்லை. ஒரு பிரமிடின் உள்ளே போய் வந்தேன் என்று சொல்லிக்கொள்வதுதான் நோக்கமென்றால் பணத்தையும் நேரத்தையும் இங்கே செலவிடுங்கள்.

சக்காராவின் கவர்ச்சி வேறு வகையானது. படிக்கும் பழக்கமுள்ளவரை அது பிடித்து நிறுத்திவிடும். இங்கே எல்லாமே முதல் முறை. அதுவரை மன்னர்களின் கல்லறை பச்சைச் செங்கல்லால் ஆன மேடை மட்டுமே. ஜோசருக்காக அதைக் கல்லில் செய்து, மேலே ஒன்றன்மேல் ஒன்றாக ஆறு படிகளை அடுக்கி 60 மீட்டருக்கு உயர்த்தினார்கள். அந்தத் திட்டத்தோடு சேர்த்துச் சொல்லப்படும் இம்ஹோதெப் பின்னாளில் கடவுளாகவே வழிபடப்பட்டார். அந்தக் கல்லின் அளவைப் பாருங்கள். ஒருவர் தனியாகத் தூக்கிவிடக்கூடிய சிறிய கற்கள், செங்கல்லைப் போலவே அடுக்கியிருக்கிறார்கள். கல்லால் என்ன முடியும் என்று அவர்களுக்கு இன்னும் தெரியவில்லை. ஓரிரு தலைமுறைக்குள் டன் கணக்கில் எடையுள்ள பாறைகளை நகர்த்தப் போகும் கைகள், இங்கே செங்கல் கொத்தனாரின் பழக்கத்தை விட முடியாமல் இருக்கின்றன.

வளாகத்தைச் சுற்றி 10 மீட்டரைத் தாண்டிய உயரத்தில் மதில். அதில் 15 வாயில்கள் தெரியும், 14 பொய் வாயில்கள், திறப்பது ஒன்றே ஒன்று. அந்த ஒன்றில் நுழைந்தவுடன் பக்கச் சுவரை உற்றுப் பாருங்கள்: கதவு ஒன்று திறந்து சுவரோடு ஒட்டி நிற்பதைப் போல், கீழே அது சுழலும் குடுமி உட்பட, கல்லிலேயே செதுக்கியிருக்கிறார்கள். ஒருபோதும் மூட முடியாத கதவு. பெரும்பாலோர் அதைக் கவனிக்காமல் தூண் வரிசைக்குள் போய்விடுகிறார்கள். அந்தத் தூண்களும் தனித்து நிற்கவில்லை, ஒவ்வொன்றும் ஒரு குறுஞ்சுவரால் பக்கச் சுவரோடு இணைந்திருக்கிறது. கல்தூண் தானாகவே கூரையைத் தாங்கும் என்ற நம்பிக்கை அப்போது வரவில்லை. தூணின் உடல் நாணற்கட்டைப் போல் வரிவரியாக இருக்கிறது, மேற்கூரைக் கல்லைப் பனைமரத் தண்டுகளை அடுக்கியதைப் போல் உருட்டியிருக்கிறார்கள். நாணலையும் பனையையும் களிமண்ணையும் வைத்துக் கட்டிப் பழகியவர்கள் கல்லில் அவற்றை நகலெடுத்த இடம் இது. பிரமிடின் வடக்கே சாய்ந்த, கல்லால் ஆன சிறிய அறைக்குள் ஜோசரின் சிலை அமர்ந்திருக்கிறது, இப்போது இருப்பது நகல், மூலம் கெய்ரோ அருங்காட்சியகத்தில். சுவரில் கண்ணளவு உயரத்தில் இரண்டு துளைகள். அவை மன்னர் வட வானத்து மறையாத விண்மீன்களைப் பார்ப்பதற்கு. நாமும் அதே துளை வழியாக அவரைப் பார்க்கலாம், பார்த்தால் அவர் நேராக நம்மைப் பார்க்கிறார். குழந்தைகளைக் கூட்டிப்போனால் இந்த ஒன்றுக்காகவே போகலாம்.

இந்த வளாகத்தில் ஜான்-பிலிப் லாயெர் என்ற பிரெஞ்சுக் கட்டடக் கலைஞர் 1926இல் வேலைக்கு வந்து 2001இல் இறக்கும் வரை, இடையில் போர்க்காலம் நீங்கலாக, ஏறத்தாழ வாழ்நாள் முழுவதும் விழுந்த கற்களை எடுத்துப் பொருத்திக்கொண்டிருந்தார். நாம் பார்க்கும் தூண்வரிசையும் மதிலின் மூலைப்பகுதியும் பெரும்பாலும் அவர் மீட்டெடுத்தவை. எது பழைய கல், எது அவர் சேர்த்தது என்று நிறத்தைக் கொண்டு பிரித்தறிய முயல்வது எனக்கு நல்ல விளையாட்டாக இருந்தது. பிரமிடையே 14 ஆண்டுகள் பழுதுபார்த்து 2020 மார்ச்சில் மறுபடி திறந்தார்கள்; அதற்குள் இறங்கத் தனிச் சீட்டு உண்டு.

ஆனால் சக்காராவை முதலிடத்தில் வைப்பதற்கு எனக்குள்ள காரணம் படிப் பிரமிடு அல்ல, பார்ப்பதற்கு மண்மேடு மாதிரி இருக்கும் உனாஸ், தேதி என்ற இரு மன்னர்களின் பிரமிடுகள். கூஃபுவின் அறையில் ஓர் எழுத்துகூட இல்லை என்றேன் அல்லவா? அதற்கு இரு நூற்றாண்டு கழித்து, ஐந்தாம் வம்சத்தின் கடைசி மன்னரான உனாஸின் அறைச் சுவர்களில் தரையிலிருந்து கூரை வரை பத்தி பத்தியாகச் சித்திர எழுத்துகளைச் செதுக்கி நீல நிறம் தீட்டினார்கள். மன்னர் இறக்கவில்லை, வானத்துக்குப் போகிறார், வாயில் காப்போனே வழிவிடு என்று பேசும் மந்திரங்கள் அவை. பிரமிடு எழுத்துகள் என்று அழைக்கப்படும் இவற்றை 1881இல் மாஸ்பெரோ என்ற பிரெஞ்சு எகிப்தியல் அறிஞர் வெளிக்கொண்டுவந்தார். உலகத்தில் நமக்குக் கிடைத்துள்ள மிகப் பழைய சமய இலக்கியத் தொகுப்புகளில் இது ஒன்று. கூரையில் ஐந்து முனை விண்மீன்கள் வரிசை வரிசையாக. இரண்டு பிரமிடுகளில் எது திறந்திருக்கும் என்பது காலத்துக்குக் காலம் மாறுகிறது. வாயிலில் கேட்டுக்கொள்ளுங்கள், எது திறந்திருந்தாலும் பாருங்கள். இறங்குபாதை குறுகியது என்றாலும் தாஷூரின் தூரத்தில் பாதிகூட இல்லை. உள்ளே நிமிர்ந்து நின்றவுடன் எழுத்துகள் முகத்துக்கு ஒரு முழத் தொலைவில் இருக்கும். தேதி மன்னரின் பிரமிடுக்குப் பக்கத்திலேயே அவருடைய மருமகனும் அமைச்சருமான மெரெருக்காவின் கல்லறை முப்பதுக்கும் மேற்பட்ட அறைகளோடு இருக்கிறது. நீர்யானை வேட்டை, மீன் பிடிப்பு, பொற்கொல்லர் வேலை, வரிக்கணக்கு சரியாகக் கொடுக்காத ஊர்த்தலைவர்களை எழுத்தர் முன் இழுத்துவந்து மண்டியிட வைக்கும் காட்சி எனச் சுவரெங்கும் நடமாட்டம்தான். பிரமிடுகளில் மன்னரின் சாவைத்தான் பார்க்கிறோம்; இங்கே அவருக்கு வேலை பார்த்த ஊர் இருக்கிறது.

மற்ற இடங்களை விரைவாகச் சொல்லிவிடலாம். கெய்ரோவுக்குத் தெற்கே சுமார் 100 கி.மீ. தொலைவிலுள்ள மெய்தும் பிரமிடின் வெளிச்சுவர்கள் சரிந்துபோய், நடுவே கோபுரம் மாதிரி ஒரு கட்டுமட்டும் நிற்கிறது. ஏற்கெனவே மூன்றையும் பார்த்துவிட்டவர்களுக்கு அது அருமையான அரை நாள், முதல் பயணத்தில் அதற்கு இடமில்லை. சூடானில் மெரோவே பிரமிடுகள் எண்ணிக்கையில் எகிப்தை மிஞ்சும், ஆனால் 2023 ஏப்ரலில் உள்நாட்டுப் போர் வெடித்ததோடு அங்கே பயணம் என்ற பேச்சுக்கே இடமில்லாமல் போனது. பிரமிடுக்குப் பதிலாகத் தெற்கே உள்ள லக்சர் நகரம் போதுமா என்று கேட்பவர்களுக்கு, அங்குள்ள அரசர் பள்ளத்தாக்குக் கல்லறைகளின் வண்ணங்கள் கண்ணுக்கு அதிக விருந்து என்று ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அது ஆயிரம் ஆண்டு பிந்திய வேறொரு கதை, ஒன்றுக்கு மாற்றாக இன்னொன்றை வைக்க முடியாது.

முடிவு எடுக்கும் முறைக்கு வருகிறேன். அரை நாள் மட்டுமே கையில் இருந்தால் விவாதமே வேண்டாம், கிசா. உட்புறச் சீட்டு வாங்காமல் அந்த நேரத்தில் மூன்றையும் சுற்றி நடந்து, ஸ்பிங்ஸ் வரை இறங்கி வாருங்கள். வயதானவர்களும் கைக்குழந்தைகளும் உடன் வந்தாலும் அதே பதில்தான், மின்பேருந்து இருப்பதால் அவர்களுக்கும் சிரமம் குறைவு. ஒரு முழு நாள் என்றால் காலையில் சக்காரா, பிற்பகலில் கிசா. இளைஞர்களாக இருந்து, உள்ளே இறங்குவதில் ஆசை மிகுந்திருந்தால் சக்காராவின் இடத்தில் தாஷூரை வைத்துக்கொள்ளலாம்.

ஆனால் பெரும்பாலோருக்கு இப்போது இதைவிட நல்ல வழி ஒன்று இருக்கிறது. கிசாவிலிருந்து இரண்டு கி.மீ. தொலைவில் 2025 நவம்பர் 1 அன்று முறைப்படி திறக்கப்பட்ட பெரிய எகிப்திய அருங்காட்சியகத்துக்கு எப்படியும் ஒரு நாள் ஒதுக்குவீர்கள். துத்தன்காமுன் கல்லறைப் பொருள்கள் அனைத்தும், 1954இல் பெரிய பிரமிடின் அருகே குழியில் துண்டுதுண்டாகக் கிடைத்துப் பொருத்தப்பட்ட கூஃபுவின் 43 மீட்டர் நீளத் தேவதாருப் படகும் அங்கேதான் இருக்கின்றன. ஆகவே அருங்காட்சியக நாளிலேயே காலை வாயில் திறக்கும் நேரத்துக்குக் கிசாவுக்குப் போய் இரண்டரை மணி நேரம் வெளியில் சுற்றிப் பார்த்துவிட்டு, வெயில் ஏறியதும் குளிரூட்டிய கூடத்துக்குள் போய்விடுங்கள். அந்தப் பெரிய படிக்கட்டின் உச்சியில் உள்ள கண்ணாடிச் சுவர் வழியாகப் பிரமிடுகளை மறுபடியும் ஒரு முறை பார்க்கலாம். பிரமிடுகளுக்கென்று ஒதுக்கிய நாள் முழுவதும் அப்போது தாஷூருக்கும் சக்காராவுக்கும் மிச்சமாகிவிடும்.

அந்த இரண்டில் எதை முதலில் பார்ப்பது என்பதில் எனக்குள்ளேயே இரண்டு கருத்து உண்டு. கட்டிய வரிசையில் பார்க்க விரும்பினால் சக்காராவில் தொடங்குவதுதான் முறை. நூறு ஆண்டு வளர்ச்சி கண்ணெதிரே விரியும். ஆனால் சிவப்புப் பிரமிடின் பாதையை மதிய உணவு முடித்து இறங்குவதைக் காட்டிலும் காலையில் வெறும் வயிற்றோடு இறங்குவது உத்தமம் என்று அனுபவம் சொல்கிறது. அக்டோபர் முதல் மார்ச் வரை போகிறவர்கள் சக்காராவில் தொடங்கலாம், வெயில் காலத்தில் போக நேர்ந்தவர்கள் எட்டு மணிக்கே தாஷூரில் இருப்பது நல்லது. இரண்டுக்கும் இடையே 10 கி.மீ. தான், பனந்தோப்புகளின் ஓரமாகப் போகும் சாலை, இடையில் சாப்பிட்டுக்கொள்ளலாம். எந்த வரிசையில் போனாலும் சிவப்புப் பிரமிடில் இறங்கி ஏறிய மறுநாள் தொடை இரண்டும் கல்லாக இறுகிக்கொள்ளும். அக்கா உள்ளே வரவில்லை, வெளியே கல்லில் உட்கார்ந்து தேநீர் குடித்தார். மறுநாள் கெய்ரோ கோட்டையின் படிகளில் அவர் முன்னால் ஏறிப்போக, நான் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு பக்கவாட்டில் ஏறினேன். ஆகவே தாஷூருக்கு அடுத்த நாள் திட்டத்தில் படி ஏறும் இடம் எதையும் வைக்காதீர்கள்.